தொண்ணூற்றெட்டுக்குப் பிறகு

கூடைப்பந்தில் தன் அணியின் புள்ளி எண்ணிக்கை தொண்ணூற்றெட்டைத் தொட்டுவிட்டால் அதன்பிறகு யாரெமா ஸ்க்ரிப்கா கூடையைப் பார்க்க மாட்டான். வளையத்துக்குக் கீழே தன்னந்தனியாக நின்றாலும் சரி, தடுக்க ஓர் ஆள் இல்லாவிட்டாலும் சரி, கை சுட்டதுபோல் பந்தைப் பக்கத்தில் இருப்பவனிடம் தள்ளிவிடுவான். வேறு யாராவது நூறாவது புள்ளியைப் போட்டு முடித்த பிறகுதான் பழைய யாரெமா திரும்பி வருவான்.

இதைக் கவனித்தவன் ஒரே ஒருவன்தான். லூக்யான் பிலோவுஸ். வார நாட்களில் கிரெமென்சூக் நகரப் பள்ளி ஒன்றில் உடற்பயிற்சி ஆசிரியர்; நகர அணி ஆடும் சனிக்கிழமைகளில் மைதான ஓரத்து மேசையில் உட்கார்ந்து ஸ்கோர் ஷீட் எழுதுகிறவன். யாரெமா வெளியூர் அணிகளில் ஆடிய வருடங்களிலும் லூக்யான் அவனை விடவில்லை. லீக்கின் இணையதளத்தில் ஏற்றப்படும் ஸ்கோர் ஷீட்டுகளைத் திங்கட்கிழமை காலை ஆசிரியர் அறையில் தேநீர் ஆறும்வரை வரி வரியாகப் படிப்பான். பொறாமைக்காரன் அளவுக்கு ஒருவனை உன்னிப்பாகப் படிக்கக் காதலியால்கூட முடியாது. அப்படிப் படித்ததில் கண்டுபிடித்ததுதான் இது. ஒருமுறை லுட்ஸ்கில் அணி தொண்ணூற்றொன்பதில் இருக்க, யாரெமாவுக்கு, யாரும் தடுக்காமல் எறியும் ஃப்ரீ த்ரோ இரண்டு கிடைத்தது. அந்த சீசனில் பத்துக்கு ஒன்பது போட்டுக்கொண்டிருந்தவன் இரண்டையும் தவறவிட்டான். அந்தக் கட்டத்தை லூக்யான் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான்.

அவனுக்குத் தெரிந்த காரணம் ஒன்றுதான்: கேக். நூறாவது புள்ளி போட்டவன் அடுத்த பயிற்சிக்கு அணி முழுவதற்கும் கேக் கொண்டுவர வேண்டும். பள்ளிப் பையன்கள் முதல் தேசிய அணிவரை எல்லோருக்கும் இது பொது. எவரும் எழுதி வைத்த சட்டமில்லை. ஆனால் நடுவரை ஏமாற்றியவனைக்கூட மன்னிப்பார்கள், கேக் வைக்காதவனை மன்னிக்க மாட்டார்கள்.

'இருபது வருஷமாக் கேக்குக்குக் கணக்குப் பாக்கறான், கஞ்சப் பய' என்று லூக்யான் நினைத்துக்கொள்வான். நினைக்கும்போது வயிற்றில் ஒரு குளிர்ச்சி பரவும். யாரெமாவிடம் கண்டுபிடிக்க முடிந்த ஒரே குறை அது.

அந்த முதல் கேக்கும் அப்படித்தான் வராமல் போயிற்று.

இரண்டாயிரம் மார்ச் மாதம். மாநில அளவில் பள்ளிகளுக்கான இறுதி ஆட்டம். இருவருக்கும் பதினாறு வயது. ஏழாம் எண் லூக்யான், பதினொன்றாம் எண் யாரெமா. அப்போது லூக்யான்தான் பெரிய ஆட்டக்காரன்; இது அவனே சொல்லிக்கொள்வது இல்லை, ஊரே சொன்னது. அன்று பார்வையாளர் வரிசையில் கீவிலிருந்து வந்த ஒருவர் தோல் கோட்டைக் கழற்றாமல் மடியில் நோட்டுப் புத்தகத்தோடு உட்கார்ந்திருந்தார். அவர் எதற்கு வந்திருக்கிறார் என்று பன்னிரண்டு பையன்களுக்கும் தெரியும்.

கடைசி நிமிடம். தொண்ணூற்றெட்டு. எதிரணியிடமிருந்து பந்தைப் பறித்தவன் லூக்யான். முன்னால் யாரும் இல்லை. வெறும் தரை, வெறும் வளையம். நாலு எட்டு வைத்தால் நூறு.

அந்த நாலு எட்டில் அவனுக்கு ஞாபகம் வந்தது அம்மாவின் முகம். வேகன் தொழிற்சாலையில் அம்மாவுக்கு ஐந்து மாதமாகச் சம்பளம் வரவில்லை; அதற்குப் பதிலாக ஒரு சர்க்கரை மூட்டை கொடுத்திருந்தார்கள். போன நவம்பரிலும் நூறாவது புள்ளி அவன் கையில்தான் விழுந்தது. வெண்ணெய்க்கு வழியில்லாமல் அம்மா உருளைக்கிழங்கு வைத்து ரொட்டி சுட்டு, மேலே அந்தச் சர்க்கரையைத் தூவி, துணியில் மூடிக் கொடுத்தனுப்பினாள். உடை மாற்றும் அறையில் பையன்கள் சிரித்த சிரிப்பு குளிர்காலம் முழுக்க ஓடியது. "ஏய், உருளைக்கிழங்கு கேக்!" என்றுதான் கூப்பிட்டார்கள். யாரெமா சிரிக்கவில்லை, இரண்டு துண்டு தின்றான். அதுதான் எல்லாவற்றையும்விட எரிச்சல்.

இன்னொரு கேக் முடியாது. லூக்யான் திரும்பிப் பார்த்தான். பின்னால் யாரெமா ஓடி வந்துகொண்டிருந்தான். பந்தை அவனுக்குப் போட்டான்.

யாரெமா எகிறிப் போட்டது அழகாகத்தான் இருந்தது. தோல் கோட்டுக்காரர் நோட்டைத் திறந்தார். ஞாயிற்றுக்கிழமை யாரெமாவின் வீட்டுக்குப் போனார். திங்கட்கிழமை யாரெமா ரயிலேறிவிட்டான். செவ்வாய்க்கிழமைப் பயிற்சியில் பதினொரு பையன்களும் கதவைக் கதவைப் பார்த்தார்கள். கேக் வரவில்லை.

அதற்குப் பிறகு யாரெமாவின் வாழ்க்கை லூக்யானுக்குத் தேதி வாரியாகத் தெரியும். கீவில் இரண்டாம் அணியில் மூன்று வருடம், பெஞ்சில். பிறகு ஒடேசா, மிகொலாயிவ். போலந்தில் ஒரு சீசன். ருமேனியாவில் ஒன்றரை, அங்கே கை விரல் உடைந்தது. தேசிய அணிக்கு ஒரே ஒரு முறை, நாலு நிமிடம், இரண்டு புள்ளி. நட்சத்திரம் ஆகிவிடவில்லை. லீக்கில் எந்த அணிக்கும் தேவைப்படுகிற, எந்த அணியும் அழாமல் அனுப்பிவிடுகிற ஆட்டக்காரன். அவன் பெரிய ஆளாகியிருந்தால் லூக்யானால் தாங்கியிருக்க முடியும். எட்டாத உயரத்தைப் பார்த்து யாரும் பொறாமைப்படுவதில்லை. யாரெமா போன இடமெல்லாம் தானும் போயிருக்கக்கூடிய இடம். அதுதான் குத்தியது.

லூக்யான் பொல்தாவாவில் தபால் வழியில் படித்துப் பட்டம் வாங்கினான். அவன் குடும்பத்தில் கல்லூரிச் சான்றிதழைத் தொட்ட முதல் கை அவனுடையது. அம்மா அதைக் கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டினாள். வருகிறவர்களிடமெல்லாம், "ஸ்க்ரிப்கா பையன் படிப்ப முடிக்கவே இல்ல, தெரியுமா?" என்பாள். மகனுக்கு இதமாக இருக்கட்டுமே என்று சொன்னதுதான். அவனுக்கோ, அந்தக் கண்ணாடிக்குள் மாட்டியிருப்பது சான்றிதழ் இல்லை, ஆறுதல் பரிசு என்று தோன்றும்.

சில நாட்களில் அவன் தன்னையே மடக்கிக் கேட்பான். நீ பந்தைப் போட்டிருந்தால் உன்னைத்தான் கூட்டிப்போயிருப்பார் என்று என்ன நிச்சயம்? யாரெமா ஒன்பது சென்டிமீட்டர் உயரம் கூட. தோல் கோட்டுக்காரர் நோட்டில் முதலிலேயே அவன் பெயரைக் குறித்திருந்தால்? கேள்வி நியாயமானதுதான். பதில் கிடைத்துவிடக் கூடாதே என்ற பயத்தில் அதோடு நிறுத்திக்கொள்வான்.

இதையெல்லாம்விடக் கஷ்டம், யாரெமா நல்லவனாக இருந்தது. லூக்யானின் மகள் அரீனாவுக்கு அவன்தான் ஞானத்தகப்பன். அந்த உறவுமுறையில் இருவரும் ஒருவரையொருவர் 'கூமே' என்று கூப்பிட்டுக்கொள்வார்கள். எந்த ஊருக்குப் போனாலும் குழந்தைக்கு ஷூ அனுப்புவான், அளவு தவறாமல். அரீனா பத்து வயதில் பள்ளி அணியில் சேர்ந்த அன்று லூக்யான் கேட்டான்:

"என்ன நம்பர் கண்ணு கேட்டே?"

"பதினொண்ணு."

"ஏழு காலியாத்தானே இருந்துச்சு?"

"ஏழு யாரு நம்பர்ப்பா?" என்றாள் குழந்தை, உண்மையிலேயே தெரியாமல்.

மனைவி இன்னா சமையலறைப் பக்கம் திரும்பிக்கொண்டாள். தோளைப் பார்த்தால் சிரிக்கிறாள் என்று தெரிந்தது.

இன்னொன்றும் உண்டு. பேட்டி என்று எவன் மைக்கை நீட்டினாலும் யாரெமா ஒரே கதையைச் சொல்வான். "பதினாறு வயசுல என் நண்பன் ஒருத்தன், அவன் கையில இருந்த பந்த எனக்குக் குடுத்தான். கீவ்ல இருந்து ஆள் வந்து உக்காந்திருக்கார்னு தெரிஞ்சே குடுத்தான். அந்த மாதிரி மனசு எனக்கு இல்ல." உள்ளூர்த் தொலைக்காட்சியில் அதைப் பார்த்து அம்மா அழுதாள். ரொட்டிக் கடைக்காரி லூக்யானை வரிசையில் முன்னால் விட்டாள். ஊருக்கு அவன் 'பாஸ் கொடுத்தவன்' ஆகிவிட்டான். இல்லை, நான் உருளைக்கிழங்கு ரொட்டிக்குப் பயந்தேன் என்று எப்படிச் சொல்வது? ஒருவன் திருடிய பெயரைத் திருப்பிக் கொடுத்துவிடலாம்; தானாக வந்து ஒட்டிக்கொண்ட நல்ல பெயரை எங்கே கொண்டுபோய்க் கொடுப்பது?

முப்பத்து நாலு வயதில் யாரெமா ஊர் அணிக்கே திரும்பி வந்தான். அன்றிலிருந்து அவன் போட்ட ஒவ்வொரு புள்ளியையும் லூக்யான் தன் கையால் எழுதினான். முதல் கால் பகுதிக்குச் சிவப்பு மை, இரண்டாவதுக்கு நீலம், மறுபடி சிவப்பு, மறுபடி நீலம். ஆறு வருடம் பதினொன்று, பதினொன்று என்று எழுதியதில் அவன் கை அந்த எண்ணைப் பார்க்காமலே போடப் பழகிவிட்டது.

யாரெமாவின் கடைசி ஆட்டம் இரண்டாயிரத்து இருபத்து மூன்று ஏப்ரலில், ஒரு சனிக்கிழமை மதியம். ரிவ்னே அணியோடு. போர் நடப்பதால் பதுங்கறையில் எத்தனை பேர் உட்காரலாமோ அத்தனை பேருக்குத்தான் டிக்கெட். எண்பது பேர் இருந்தார்கள். அரீனா பதினொன்று போட்ட பனியனோடு இரண்டாம் வரிசையில். நாற்பதைத் தொட்ட யாரெமா பதினேழு புள்ளி எடுத்திருந்தான். இன்னும் ஒரு நிமிடம் ஐம்பத்திரண்டு விநாடி. கிரெமென்சூக் தொண்ணூற்றெட்டு, ரிவ்னே தொண்ணூற்றொன்று. அப்போது சைரன் ஊதியது.

போன ஜூனில் கடை வளாகத்தில் ஏவுகணை விழுந்ததற்குப் பிறகு இந்த ஊரில் சைரனோடு யாரும் விளையாடுவதில்லை. மேசையில் லூக்யானுக்குப் பக்கத்தில் கடிகாரம் பார்க்கும் ராயா அத்தை பொத்தானை அழுத்தி நேரத்தை நிறுத்தினாள். தெர்மாஸை எடுத்தாள். லூக்யான் ஸ்கோர் ஷீட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டான். இரண்டு அணியும் வியர்வையோடு படியிறங்கியது.

கீழே ஈரச் சுண்ணாம்பு வாடை. நீள பெஞ்சுகள். பையன்கள் கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

"தொண்ணூத்தெட்டுல நிக்குது" என்றான் நெஸ்தர், அணியிலேயே இளையவன். "அண்ணே, இன்னிக்கு நீங்கதான் கேக்கு."

"அவனா?" என்றாள் ராயா அத்தை. "ஆறு வருஷமா பாக்கறேன். இவன் கையால நான் ஒரு துண்டு கண்டதில்ல. நெஸ்தரு, நீதான் வாங்கணும்பா. எனக்குத் தேன் கேக்கு. கொட்டை போட்டது வேணாம், பல்லு நிக்கல."

"ராயா அத்த, உங்களுக்குப் பல்லு வாங்கறதா, கேக் வாங்கறதா?"

"முதல்ல நீ பந்தப் போடுடா!"

ரிவ்னே பையன்களும் சேர்ந்து சிரித்தார்கள். யாரெமா சிரிக்காமல் வந்து லூக்யான் பக்கத்தில் உட்கார்ந்தான். அவன் முழங்காலில் ஐஸ் பை கட்டியிருந்தது.

லூக்யானுக்கு அதற்கு மேல் அடக்க முடியவில்லை. இருபத்து மூன்று வருடம். இதற்குப் பிறகு கேட்க இன்னொரு ஆட்டம் இல்லை.

"கூமே, ஒண்ணு கேக்கட்டுமா?"

"கேளு."

"நூறாவது புள்ளிய நீ ஏன் போடறதே இல்ல?"

யாரெமா தண்ணீர் பாட்டிலை வாயிலிருந்து எடுத்தான். "கவனிச்சியா?"

"ஸ்கோர் எழுதறவன்டா நான்."

"வேற எவனும் கவனிக்கல. என் பொண்டாட்டிகூட." கொஞ்ச நேரம் பாட்டில் மூடியைத் திருகிக்கொண்டிருந்தான். "பள்ளிக்கூடத்துல அந்த நூறு. நீ குடுத்தது. அதுக்கு நான் கேக்கு வெக்கல, ஞாபகம் இருக்கா?"

"கொஞ்சம் இருக்கு" என்றான் லூக்யான்.

"அப்பா காசு குடுத்தாரு. சந்தைக்குப் போனேன். போனவன் ஒரு பை வாங்கிட்டேன். நீல பை, தோள்ல மாட்டறது. கீவ்ல போய் இறங்கறப்ப உருளைக்கிழங்கு மூட்டையோட வந்தவன்னு எவனும் சொல்லிடக் கூடாதுன்னு." உருளைக்கிழங்கு என்றதும் லூக்யானுக்குக் காது சுட்டது. யாரெமா கவனிக்கவில்லை. "ரயில்ல உக்காந்தப்பதான் உறைச்சுது. நீ உன் வாழ்க்கையையே தூக்கிக் குடுத்திருக்கே, நான் ஒரு கேக்க முழுங்கிட்டுப் போறேன். அந்தக் கடன் இருக்கறப்ப இன்னொரு நூறு போட்டா நான் மனுஷனா? அதான் போடறதில்ல."

"லுட்ஸ்க்ல ஃப்ரீ த்ரோ..."

"வேணும்னேதான். கோச் என்னைக் கிழிச்சுத் தொங்க விட்டாரு."

லூக்யான் ஷீட்டை மடியில் வைத்து நீவிக்கொண்டிருந்தான். கஞ்சத்தனம் என்று நினைத்து இத்தனை வருடம் அவன் குளிர்காய்ந்தது, தன் பெயரால் இன்னொருவன் இருந்த நோன்பில்.

"இன்னிக்குத்தான் கடைசி" என்றான் யாரெமா. குரலைத் தாழ்த்திக்கொண்டான். "ஒரு ஆசைதான், வேறென்ன. கடைசிப் பந்து நூறா இருக்கணும். நீ ஒரு வார்த்த சொல்லு கூமே. 'போடா, விட்டேன்'னு சொல்லு. மேல போய் நானே போடறேன். செவ்வாய்க்கெழம ரெண்டு கேக்கோட வர்றேன். ஒண்ணு பழசு, ஒண்ணு புதுசு."

சொல்லியிருக்கலாம். இரண்டே சொல்.

ஆனால் இல்லாத கடனை எப்படி விடுவது? விடுவதானால் உண்மையைச் சொல்லி விட வேண்டும்: டேய், நான் உனக்கு எதையும் தரவில்லை, கேக்குக்குப் பயந்து கையை உதறினேன். சொன்னால் என்ன மிஞ்சும்? யாரெமாவின் இருபத்து மூன்று வருடமும் முழுசாக யாரெமாவுடையதாகிவிடும். ஒடேசாவும் போலந்தும் அந்த நாலு நிமிடத் தேசிய அணியும். இப்போதைக்கு அதில் ஓரத்தில் ஒரு பங்கு லூக்யானுடையது. எண்ணிக்கை தொண்ணூற்றெட்டாகும்போதெல்லாம் ஏதோ ஓர் ஊரில், யாரெமாவின் கை லூக்யானை நினைத்துத் தயங்கியது. அவனுடைய ஆட்ட வாழ்க்கை என்று சொல்ல அது ஒன்றுதான் உண்டு. அதையும் கொடுத்துவிட வேண்டுமா?

மனசுக்குள் இன்னொரு குரலும் கேட்டது. இரண்டு துண்டு தின்றவன்டா அவன், சொல்லு.

"பாக்கலாம்" என்றான் லூக்யான்.

அபாயம் நீங்கியதைச் சொல்லும் சைரன் ஊத ஐம்பது நிமிடம் ஆயிற்று. மேலே வந்ததும் பையன்கள் ஐந்து நிமிடம் உடம்பைச் சூடாக்கினார்கள். லூக்யான் ஷீட்டை விரித்து நீலப் பேனாவைத் திறந்தான். ராயா அத்தை கடிகாரத்தை ஓடவிட்டாள்.

ரிவ்னே தவறவிட்டது. பந்து நெஸ்தரிடம், நெஸ்தரிடமிருந்து மூலையில் யாரெமாவிடம். தடுக்க வந்தவன் வழுக்கி விழுந்தான். யாரெமா இரண்டு எட்டில் வளையத்தின் கீழே வந்துவிட்டான். தனியாக.

"போடு!" என்று பெஞ்சே எழுந்தது. "போடுங்க, போடுங்க!" என்று அரீனாவின் கீச்சுக்குரல் தனியாகக் கேட்டது.

யாரெமா கூடையைப் பார்க்கவில்லை. மேசையைப் பார்த்தான். ஒரு தலையசைப்பு போதும்.

லூக்யான் குனிந்துகொண்டான். ஷீட்டில் ஏற்கெனவே போட்டிருந்த ஒரு கோட்டின் மேல் இன்னொரு முறை கோடு இழுத்தான்.

பந்து தரையில் தட்டும் சத்தம், கைமாறும் சத்தம், வலையின் சத்தம். நிமிர்ந்தபோது நெஸ்தர் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு ஓடினான், அணி முழுக்க, "கேக்கு! கேக்கு!" என்று அவன் முதுகில் அறைந்தது. லூக்யான் நூறின் மேல் சாய்கோடு இழுத்து, பக்கத்தில் நெஸ்தரின் எண்ணான நாலை எழுதினான்.

"குருட்டுப் பய!" என்றாள் ராயா அத்தை. "சும்மா மேல தூக்கிவிட்டாலே விழுந்திருக்கும். நாப்பது வயசுல என்ன கஞ்சத்தனம்!"

"கஞ்சன் இல்ல அத்த" என்றான் லூக்யான்.

"பின்ன என்னவாம்?"

அவன் பேனாவால் கடிகாரத்தைக் காட்டினான்.

ஆட்டம் முடிந்து எல்லோரும் யாரெமாவைத் தூக்கிப் போட்டுப் பிடித்தார்கள். கடைசியாக அவன் மேசைக்கு வந்தான். லூக்யானைக் கட்டிக்கொண்டபோது அவன் வியர்வை லூக்யானின் சட்டையெல்லாம் ஒட்டியது. "பரவால்ல கூமே" என்றான் காதருகில். "பெரிய கடன்தானே. ஒரு வார்த்தையில தீந்துட்டா நல்லாவா இருக்கும்? நீ செஞ்சது சரி." அவன் குரலில் குத்தல் தேடினான் லூக்யான். இல்லை.

வீட்டுக்குப் போகும் வழியில் அரீனா கேட்டாள், "அவரு ஏம்ப்பா உன்னையே பாத்தாரு?"

"நேரம் பாத்திருப்பாரு."

"கடிகாரம் அந்தப் பக்கம்ல இருக்கு?"

ஜூலையில் யாரெமா ராணுவத்துக்குப் போனான். கிளம்புகிற அன்று இன்னா நெப்போலியன் கேக் செய்து டப்பாவில் போட்டுக் கொடுத்தாள். வாங்கியவன் லூக்யானைப் பார்த்துக் கண் சிமிட்டினான். கேக் தர வேண்டியவனே வாங்கிக்கொண்டு போகிறேன் பார் என்பதுபோல. லூக்யான் அன்று ரயில் நிலையத்தில் சொல்லிவிடுவது என்று வாக்கியத்தை மனப்பாடம் செய்திருந்தான். 'அது பாஸ் இல்லடா, பயம்.' ரயில் நான்கு நிமிடம் நின்றது. லூக்யான் யாரெமாவின் முழங்காலைப் பற்றி விசாரித்தான்.

ஞாயிற்றுக்கிழமைகளில் போன் வரும். இணைப்பு கிடைத்தால் நாலு நிமிடம், கிடைக்காவிட்டால் இல்லை. முதல் கேள்வி எப்போதும், "நேத்து எவ்வளவு? நூறு யாரு போட்டா?" லூக்யான் ஷீட்டைப் பார்க்காமலே சொல்வான். மனப்பாடம் செய்த வாக்கியம் ஒவ்வொரு முறையும் பல் வரைக்கும் வரும்.

போன ஞாயிற்றுக்கிழமையும் வந்தது.

"யாரெமா..."

"சொல்லு."

"சாப்பிட்டியா?"

"கிரேச்கா தானியக் கஞ்சி. நீ?"

"ம்."

"அந்தக் கடன் இருக்கு கூமே. மறக்கல."

"இருக்கட்டும்" என்றான் லூக்யான்.